ராஜம்மாள் என்கிற ரோசி

நம்ம காலேஜ்ல நாகர்கோவில் பக்கத்துப் பசங்க நிறைய பேர் இருக்கோம். வெள்ளிக்கிழமை லேப் முடிஞ்ச உடனே பையைத் தூக்கிக்கிட்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஓடுற கோஷ்டி எதுன்னு பார்த்தா அது நாங்கதான். தூத்துக்குடியில ஏறி, திருநெல்வேலியில மாறி, வள்ளியூர், காவல்கிணறு, ஆரல்வாய்மொழி தாண்டி ராத்திரி வடசேரி பஸ் ஸ்டாண்டில் இறங்குவோம். அங்க ஒரு டீ குடிச்சிட்டுத்தான் ஆட்டோ, டவுன் பஸ் எல்லாம். மூணு வருஷமா இதுதான் நடக்குது.

அந்த வடசேரிப் பக்கத்துலதான் மலையாள சினிமாவின் முதல் நாயகி தன் வாழ்நாளின் பெரும்பகுதியை வாழ்ந்தார். பக்கத்து வீட்டுக்காரங்களுக்கு அவர் ராஜம்மாள். சினிமா வரலாற்றுல அவர் பெயர் பி.கே. ரோசி.

உங்கள்ல சில பேருக்கு இந்தப் பெயர் ஞாபகம் இருக்கலாம். 2023 பிப்ரவரி 10 அன்னைக்கு கூகுள் திறந்தப்போ, ரோஜாப் பூக்களுக்கும் பிலிம் சுருளுக்கும் நடுவுல ஒரு பொண்ணோட முகம் வரைஞ்சிருந்தாங்க. அவருடைய 120-வது பிறந்தநாள். நான் அப்போ ஃபர்ஸ்ட் இயர். இன்டர்னல்ஸ் டென்ஷன்ல இருந்தேன், யாரோ கேரளாக்காரங்கன்னு நினைச்சு அடுத்த டேபுக்குப் போயிட்டேன். போன லீவுலதான் எதையோ தேடும்போது வடசேரி என்ற பெயரை அவருடைய கதையில பார்த்தேன். அப்புறம் விடமுடியல. என் ஆச்சி பிறந்து வளர்ந்தது வடசேரியில. அதைப் பிறகு சொல்றேன்.

முதல்ல ஒரு மேப் விஷயம், ஏன்னா நெட்ல இந்தக் கதையை எழுதுற பலர் இதுல சறுக்குறாங்க. ரோசி கேரளாவிலிருந்து தமிழ்நாட்டுக்குத் தப்பி ஓடினார்னு எழுதுவாங்க. அப்போ கேரளாவும் இல்ல, தமிழ்நாடும் இல்ல. திருவனந்தபுரமும் நாகர்கோவிலும் ஒரே திருவிதாங்கூர் சமஸ்தானம். கன்னியாகுமரி மாவட்டம் சென்னை மாகாணத்தோட சேர்ந்தது 1956 நவம்பர் 1-ல்தான். அதனால அவர் எந்த எல்லையையும் தாண்டல. இருபத்தஞ்சு வருஷத்துக்கு மேல கழிச்சு எல்லைக்கோடு வந்து அவருக்கும் அவர் நடிச்ச ஊருக்கும் நடுவுல விழுந்தது. இந்தக் கோடு கதையின் கடைசியில இன்னொருத்தரையும் பிடிக்கும்.

ரோசி பிறந்தது திருவனந்தபுரம் நந்தன்கோட்டில், 1903-ல். புலயர் குடும்பம். சின்ன வயசுலயே அப்பா போயிட்டார். புல் அறுத்துப் பிழைச்ச குடும்பம். ஆனா பொண்ணுக்குப் பாட்டும் ஆட்டமும் பிடிச்சிருந்தது. காக்காரிசி நாடகம் கத்துக்கிட்டார்.

காக்காரிசி நாடகம் தெரியாதவங்களுக்கு: திருவனந்தபுரம் பக்கமும் எங்க குமரி மாவட்டத்துலயும் ஆடப்பட்ட கூத்து அது. சிவனும் பார்வதியும் குறி சொல்ற காக்கான், காக்காத்தியா வேஷம் போட்டுப் பூமிக்கு வருவாங்க. பேச்சு பாதி தமிழ், பாதி மலையாளம். நாகர்கோவில்ல இன்னைக்கும் வீட்டுல பேசுற பேச்சு கொஞ்சம் அப்படித்தான், ஹாஸ்டல்ல எங்களைக் கிண்டல் பண்றதுக்குக் காரணமே அதுதானே. அந்தக் கூத்துல பெண் வேஷத்தையும் ஆம்பளைங்களே கட்டுறது வழக்கம். ரோசி பொண்ணாவே மேடை ஏறினார். அதுக்கே எவ்வளவு துணிச்சல் வேணும்னு யோசிங்க. நாடகத்துல ஆடுற பொண்ணுன்னா ஊர் என்ன பேசும்னு தனியா சொல்ல வேண்டாம்.

இப்போ ஜே.சி. டேனியல். 1900-ல் அகஸ்தீஸ்வரத்துல பிறந்தவர். கன்னியாகுமரி போற வழியில இருக்கிற அதே அகஸ்தீஸ்வரம்தான். வசதியான நாடார் கிறிஸ்தவக் குடும்பம். களரி, சிலம்பம் மேல பைத்தியம். அதைப் பத்தி இங்கிலீஷ்ல ஒரு புத்தகமே எழுதினவர். களரியை ஊருலகத்துக்குக் காட்டணும்னா சினிமாதான் வழின்னு அவருக்குத் தோணிடுச்சு. சென்னையில ஆர். நடராஜ முதலியார் 1917 வாக்குல ‘கீசக வதம்’ எடுத்து தென்னிந்திய சினிமாவைத் தொடங்கி வச்சிருந்தார். டேனியல் சென்னைக்கும் பம்பாய்க்கும் போய்ப் பார்த்தார், விசாரிச்சார், சொத்தை வித்தார், கேமரா வாங்கினார். 1926-ல் திருவனந்தபுரத்துல பட்டம் பக்கத்துல ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்ற ஸ்டுடியோ எழும்பியது. இருபத்தாறு வயசுக்காரர். நம்மை விட அஞ்சு வயசுதான் பெரியவர். ஃபைனல் இயர் ப்ராஜெக்டுக்கு ஆயிரம் ரூபாய் போட நாம பங்கு பிரிச்சு சண்டை போடுறோம்.

படத்தின் பெயர் ‘விகதகுமாரன்’. தொலைஞ்சு போன மகன்னு வச்சுக்கலாம். திருவிதாங்கூர்ப் பணக்காரர் வீட்டுப் பையனைக் கடத்தி இலங்கைக்குக் கொண்டுபோய் எஸ்டேட்டுல கூலியா விட்டுடுறாங்க. அவன் அங்கயே வளர்ந்து மேலே வர்றான். ஊரிலிருந்து போற உறவுக்கார இளைஞன் அவனைக் கண்டுபிடிக்கிறான். அந்த இளைஞன் காதலிக்கிறது தொலைஞ்சவனோட தங்கை சரோஜினியை. நம்ம ஊர்க்காரங்களுக்கு இலங்கைன்னதும் காது நிமிரும். 1914-ல் தனுஷ்கோடி பாதை திறக்கிற வரைக்கும் சென்னையிலிருந்து போட் மெயில் வந்து நின்னது இதே தூத்துக்குடியில, இங்கிருந்துதான் கொழும்புக்குக் கப்பல். தேயிலைத் தோட்டத்துக்குப் போன எத்தனை குடும்பம் நம்ம கடற்கரை வழியா போயிருக்கும்! புராணக் கதைகளையே எல்லாரும் எடுத்துக்கிட்டிருந்த காலத்துல டேனியல் அந்த நிஜத்தைத் தொட்டு ஒரு சமூகப் படம் எடுத்தார். கதை, டைரக்‌ஷன், கேமரா, எடிட்டிங், ஹீரோ எல்லாம் அவரே. வில்லனா நடிச்சவர் ஜான்சன். பின்னாளில் தமிழ்ப் படங்கள்ல பேர் வாங்கின நடிகை பி.எஸ். சரோஜாவின் அப்பா.

எல்லாம் சரி, சரோஜினியா யார் நடிக்கிறது? இதுதான் அந்தக் காலத்துல எல்லா டைரக்டருக்கும் இருந்த தலைவலி. பால்கே 1913-ல் ‘ராஜா ஹரிச்சந்திரா’ எடுத்தப்போ தாராமதியா நடிக்க ஒரு பொண்ணும் கிடைக்காம, சாலுங்கே என்ற இளைஞருக்குப் புடவை கட்டி எடுத்தார். டேனியல் பம்பாயிலிருந்து ஒரு நடிகையை வரவழைச்சுப் பார்த்தார், அவங்க கேட்ட வசதி இவருக்குக் கட்டுப்படியாகல. அப்புறம்தான் காக்காரிசி ஆடுற ரோசி கண்ணுல பட்டார்.

ஷூட்டிங் பத்து நாள் போல நடந்ததுன்னு சொல்றாங்க. மத்தியானச் சாப்பாட்டை வீட்டிலிருந்தே கட்டிக்கிட்டு வருவார், சாயங்காலம் கூலி வேலை முடிஞ்சு போற மாதிரி வீட்டுக்குப் போவார். அந்தப் பகல்ல மட்டும் அவர் வேற ஆள். நல்ல முண்டும் மேல்துணியும் கட்டி, நகை போட்டு, தலையில பூ வச்சு, நாயர் தறவாட்டுப் பெண் சரோஜினி. ஊமைப் படம், அதனால வசனம் கிடையாது. முகமும் உடையும் நடையும்தான் எல்லாம் சொல்லணும்.

அந்த உடை இருக்கு பாருங்க, அதுல கொஞ்சம் நிக்கணும். அது புரியலைன்னா அடுத்து நடந்தது புரியாது.

திருவிதாங்கூர்ல ஒரு பொண்ணு எதைக் கட்டணும், எதைக் கட்டக்கூடாதுன்னு சாதி முடிவு பண்ணுச்சு. டேனியலோட சொந்த சமூகமே அதுக்கு சாட்சி. தோள்சீலைப் போராட்டம் நம்ம பாடப் புத்தகத்துல ஒரு பத்தியா வந்து போயிருக்கும். நாடார் பெண்கள் மேல்துணி போட்டதுக்காக அடி வாங்கி, வீடு எரிஞ்சு, முப்பது வருஷத்துக்கு மேல போராடி, 1859-ல்தான் அரசாணை வந்தது. அதுலயும் உயர்சாதிப் பெண்கள் போடுற மாதிரியே போடக்கூடாதுன்னு ஒரு கொக்கி இருந்தது. புலயர் பெண்களோட நிலைமை இன்னும் மோசம். கழுத்துல கல்மாலைதான் போடணும், பொன்னும் வெள்ளியும் கூடாது. பொது ரோட்டுல நடக்கவே முடியாத அந்த சமூகத்திலிருந்து வந்த அய்யன்காளி, 1893-ல் வில்லுவண்டி கட்டி அதே ரோட்டுல ஓட்டிக் காட்டினார். 1915-ல் கொல்லம் பக்கத்துல பெரிநாட்டுல, பொதுக்கூட்டத்துல வச்சே புலயர் பெண்கள் கல்மாலைகளை அறுத்துப் போட்டாங்க. ரோசிக்கு அப்போ வயசு பன்னிரண்டு. வைக்கம் கோயில் தெருவுல நடக்கிறதுக்கான போராட்டம் 1924-ல், பெரியார் சிறைக்குப் போனது அதுலதான். கோயில் நுழைவுப் பிரகடனம் வந்தது 1936-ல்.

இந்த வரிசையில, வைக்கத்துக்கும் 1936-க்கும் நடுவுல, ஒரு புலயர் பொண்ணு நாயர் பொண்ணா உடுத்தி, நகை போட்டு, திருவனந்தபுரத்துல பெரிய திரையில வந்து நின்னார். இதை வெறும் நடிப்பாப் பார்க்கிற மனசு அந்த ஊருக்கு அப்போ இல்ல.

படம் கேப்பிட்டல் தியேட்டர்ல வெளியாச்சு. 1928 நவம்பர் 7-ன்னு ரொம்ப நாளா எழுதினாங்க. பிறகு பழைய பேப்பர்களைக் கிளறினவங்க 1930 அக்டோபர் 23-ன்னு திருத்தினாங்க. எந்தத் தேதியை எடுத்துக்கிட்டாலும் அன்னைக்கு நடந்ததா எல்லாரும் சொல்றது ஒண்ணுதான். படத்தைத் தொடங்கி வைக்க வந்தவர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை, திருவிதாங்கூர்லயே பெரிய வக்கீல். ரோசி தியேட்டருக்குள்ள இருந்தா நான் தொடங்கி வைக்க மாட்டேன்னு நிபந்தனை போட்டார். படத்தோட நாயகி வெளியே நின்னார். உள்ளே அவருடைய உருவம் மட்டும் போச்சு.

அதுக்கும் இடம் கிடைக்கல. திரையில சரோஜினி வந்ததுமே கூச்சல் ஆரம்பிச்சது. ஹீரோ அவள் தலையில இருக்கிற பூவுக்கு முத்தம் கொடுக்கிற காட்சி ஒண்ணு. அதுல கூட்டம் எழுந்துடுச்சு. கல் பறந்தது. திரை கிழிஞ்சது. வெளியே ரோசியைத் துரத்தினாங்க. அதோட முடியல. அடுத்து அவர் குடும்பம் இருந்த குடிசைக்கு நெருப்பு வச்சாங்க.

ராத்திரி ரோட்டுல ஓடி வந்த அவர், போய்க்கிட்டிருந்த ஒரு லாரியை நிறுத்தினார். லாரி நாகர்கோவில் போற லாரி. நாமல்லாம் இப்போ திருவனந்தபுரம் போகணும்னா ட்ரெயின்ல ஒண்ணரை மணி நேரம்னு சாதாரணமா சொல்றோம். அந்த ரயில் பாதை வந்தது 1979-ல். அன்னைக்கு இருந்தது ஒரே ரோடு: நெய்யாற்றங்கரை, களியக்காவிளை, மார்த்தாண்டம், தக்கலை. எழுபது கிலோமீட்டர் போல இருக்கும். அந்த ரோட்டுல ராத்திரியில, வீடு எரிஞ்சு போன ஒரு பொண்ணு, முன்பின் தெரியாத டிரைவர் பக்கத்துல உட்கார்ந்து வந்திருக்கார்.

டிரைவர் பெயர் கேசவ பிள்ளை. பின்னாளில் அவரையே கல்யாணம் பண்ணிக்கிட்டார். கேசவ பிள்ளை நாயர். அவர் வீட்டுல இந்தக் கல்யாணத்தை ஏத்துக்கல. ரெண்டு பேரும் வடசேரிப் பக்கம் தனியா குடியேறினாங்க. ரோசி என்ற பெயர் அன்னைக்கோட போச்சு. ராஜம்மாள் ஆனார். பிள்ளைங்க பிறந்தாங்க, அப்பாவோட சாதியிலயே வளர்ந்தாங்க. அம்மா ஒரு காலத்துல சினிமாவுல நடிச்சவங்கன்னோ, எந்தக் குடியிலிருந்து வந்தவங்கன்னோ வீட்டுல பேச்சு வந்ததில்ல. குடும்பத்துக்காரங்க ரொம்பப் பின்னாடி பத்திரிகைக்காரங்க தேடி வந்து கேட்டப்போ சொன்ன விஷயங்கள் இவை.

இந்த இடத்துலதான் நான் படிச்சுக்கிட்டிருந்த லேப்டாப்பை மூடி வச்சிட்டு மாடிக்குப் போயிட்டேன். திரையில பத்து நாள் வேலைக்கு நாயர் பொண்ணா நடிச்சதுக்காக ஊரை விட்டுத் துரத்தப்பட்டவர், அப்புறம் உயிரோட இருக்கிறதுக்காக, கேமரா இல்லாம, கூலி இல்லாம, ஐம்பது வருஷத்துக்கு மேல அதே வேஷத்துல வாழ்ந்திருக்கார். இந்தத் தடவை யாருக்கும் சந்தேகம் வரல. நடிக்கத் தெரியாதவங்கன்னு அவரை ஒருத்தரும் சொல்ல முடியாது இல்லையா? இதை அவர் சந்தோஷமாச் செஞ்சாரா, தினம் பயந்து செஞ்சாரான்னு கேக்காதீங்க. மறைச்சு வாழறவங்க டைரி எழுத மாட்டாங்க.

படம் என்னாச்சுன்னு கேப்பீங்க. அந்தக் கால பிலிம் செல்லுலோஸ் நைட்ரேட். கெமிஸ்ட்ரி நல்லாப் படிச்சவங்களுக்குத் தெரியும், துப்பாக்கிப் பஞ்சுக்கு அது நெருங்கின சொந்தம். எரியத் தேவையான ஆக்சிஜன் அதுக்குள்ளயே இருக்கு, தண்ணிக்குள்ள முக்கினாலும் அணையாது. பத்திரமா வைக்கலைன்னா அதுவே மக்கிப் பொடியாகும், இல்லைன்னா வெப்பத்துல தானே பத்திக்கும். இந்தியாவுல 1,300-க்கு மேல ஊமைப் படங்கள் எடுத்தாங்க, இன்னைக்கு முழுசாவோ துண்டாவோ மிஞ்சினது முப்பது கூடத் தேறாது. ‘விகதகுமாரன்’ அந்த முப்பதுல இல்ல. டேனியல் வீட்டுல கிடந்த சுருளை அவருடைய சின்ன மகன், ஆறேழு வயசுல, நெருப்பு எப்படி நீலமா எரியுதுன்னு பார்க்க கொளுத்தி விளையாடியிருக்கார். இதை அவரே வயசான பிறகு வருத்தத்தோட சொன்னார். குழந்தை, அதுக்கு என்ன தெரியும்? பூட்டி வைக்க வேண்டிய பெரியவங்களுக்கே அதுக்கு ஒரு மதிப்பு இருக்கிறதாத் தெரியாத காலம்.

ஒரு வேடிக்கை. மலையாளத்தின் ரெண்டாவது ஊமைப் படம் ‘மார்த்தாண்ட வர்மா’, 1933. அதைத் தயாரிச்சவரும் நம்ம நாகர்கோவில்காரர்தான், டேனியலோட உறவினர் சுந்தர்ராஜ். நாவலோட உரிமையை வாங்கி வச்சிருந்த புத்தகக் கம்பெனி கேஸ் போட்டு, பிரிண்ட்டைக் கைப்பற்றிடுச்சு. படம் ஓடல, தயாரிப்பாளர் அடி வாங்கினார். ஆனா பூட்டி வச்ச அந்தப் பிரிண்ட்தான் எழுபதுகள்ல புனே ஃபிலிம் ஆர்க்கைவுக்குப் போய்ச் சேர்ந்து, இன்னைக்கும் இருக்கு. ஜப்தி ஆன படம் பிழைச்சது, வீட்டுல இருந்த படம் போச்சு.

ரோசிக்கு உறுதியா அவர்தான்னு சொல்லக்கூடிய ஒரு போட்டோ கூட இல்ல. நெட்ல ஒரு படம் சுத்துது, அவர்தான்னு யாராலும் நிரூபிக்க முடியல. கூகுள்ல வந்ததும் வரைஞ்ச முகம்தான். நாமெல்லாம் ஒரு கல்ச்சுரல்ஸ் நாள்ல நானூறு போட்டோ எடுத்துத் தள்ளுறோம். சினிமா நடிகைக்கு ஒரு போட்டோ இல்ல.

உலகத்தோட இன்னொரு மூலையில இதே தொழில்ல இருந்த ஒருத்தரைப் பத்தியும் சொல்லணும். பிரான்செஸ்கா பெர்தினி, இத்தாலி. 1915-ல் ‘அஸ்ஸுந்தா ஸ்பீனா’ என்ற படத்துல நேப்பிள்ஸ் நகரத்து சலவைத் தொழிலாளிப் பொண்ணா நடிச்சு ஐரோப்பா முழுக்கப் பேர் வாங்கினவர். அங்கயும் ஊமைப் படங்கள்ல பெரும்பகுதி அழிஞ்சுதான் போச்சு. ஆனா பெர்தினிக்கு எண்பதைத் தாண்டின வயசுல பெர்தலூச்சி தேடிப் போய் ‘1900’ என்ற தன் படத்துல ஒரு கன்னியாஸ்திரி வேஷம் கொடுத்தார். 1982-ல் அவரைப் பத்தி ஒரு டாக்குமென்டரி எடுத்தாங்க, அதுல அவர் உட்கார்ந்து தன்னுடைய பழைய படத்தைத் தானே பார்த்துப் பேசுறார். 1985-ல் இறந்தார். அவர் பெரிய இடத்து நட்சத்திரம், ரோசி ஒரே படத்துல வந்தவர், ரெண்டும் ஒண்ணு இல்லதான். ஆனா அந்த எண்பதுகள்லயும் ரோசி உயிரோட வடசேரியில இருந்திருக்கார். 1988-ல் இறந்தார்னு எழுதுறாங்க. தான் நடிச்ச ஒரே படத்தை அவர் கடைசி வரைக்கும் ஒரு தடவை கூடப் பார்க்கல.

டேனியல் கதையையும் முடிச்சிடுறேன். கடன்ல மூழ்கி, சாமான்களை வித்து, ஸ்டுடியோவை மூடினார். பல் வைத்தியம் படிச்சு பாளையங்கோட்டை, மதுரை, காரைக்குடின்னு போர்டு மாட்டிப் பிழைச்சார். நம்ம பாளையங்கோட்டையில, கேரள சினிமாவின் தந்தை யார் யாருக்கோ பல் பிடுங்கியிருக்கார். அறுபதுகள்ல சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் என்ற பத்திரிகையாளர் அவரைத் தேடிக் கண்டுபிடிச்சு எழுதினார். நலிஞ்ச கலைஞர்களுக்கான உதவித்தொகை கேட்டு கேரள அரசுக்கு மனு போச்சு. அகஸ்தீஸ்வரம் இப்போ தமிழ்நாடு, அங்கே போய்க் கேளுங்கன்னு பதில். முன்னாடி சொன்ன அந்த 1956 கோடு இங்கதான் அவரைப் பிடிச்சது. இன்னொரு காரணமும் சொன்னாங்க: ஊமைப் படத்துக்கு ஏது மொழி? 1938-ல் வந்த ‘பாலன்’தான் முதல் மலையாளப் படம்னாங்க. அதைத் தயாரிச்சது சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம், அதுக்கு மட்டும் தமிழ்நாட்டுக் கணக்கு யாரும் பார்க்கல. டேனியல் 1975-ல் அகஸ்தீஸ்வரத்துலயே இறந்தார். 1992-லிருந்து கேரள அரசு தன்னோட பெரிய சினிமா விருதை அவர் பெயர்லதான் கொடுக்குது.

டேனியலுக்கு விருது, சிலை எல்லாம் வந்த பிறகும் ரோசி வர ரொம்ப நாள் ஆச்சு. குன்னுக்குழி மணி என்ற தலித் எழுத்தாளர் எழுபதுகளின் தொடக்கத்துலயே அவரைப் பத்தி எழுதினார். யாரும் பெருசா கவனிக்கல. 2008-ல் வினு ஆபிரகாமின் ‘நஷ்ட நாயிகா’ நாவல், 2013-ல் கமல் இயக்கிய ‘செல்லுலாய்டு’ படம் (நம்ம கமல்ஹாசன் இல்ல, மலையாள டைரக்டர்). பிரித்விராஜ் டேனியலா வருவார். படத்தைப் பாருங்க, நல்லா எடுத்திருக்காங்க. எனக்கு ஒரு குறை உண்டு. அதுல ரோசி லாரியில ஏறிப் போறதோட அவர் கதை முடிஞ்ச மாதிரி ஆயிடும், மிச்சம் முழுக்க டேனியலோட சோகம். என்னைக் கேட்டா லாரியிலிருந்து இறங்கின பிறகுதான் அவருடைய கதையே. 2019-ல் கேரளாவுல சினிமாப் பெண்கள் சேர்ந்து அவர் பெயர்ல ஒரு ஃபிலிம் சொசைட்டி ஆரம்பிச்சாங்க. சென்னையில பா. ரஞ்சித்தின் நீலம் அமைப்பு அவர் பெயர்ல திரைப்பட விழாவே நடத்துது. நாகர்கோவில்ல அவர் பெயர்ல ஒரு தெருப் பலகை கூட என் கண்ணுல படல.

இப்போ ஆச்சி விஷயம். ஆச்சிக்கு எழுபத்தெட்டு வயசு. கல்யாணம் ஆகிற வரைக்கும் வடசேரியிலதான் இருந்தாங்க. அப்படின்னா அவங்க சின்னப் பிள்ளையா தண்ணி எடுக்கப் போன அந்தத் தெருக்கள்ல ரோசியும் நடந்திருக்கணும், நாப்பது, அம்பது வயசுப் பெண்ணா. போன மாசம் வீட்டுக்குப் போனப்போ, முறுக்கு பிழிஞ்சுக்கிட்டிருந்தவங்க பக்கத்துல உட்கார்ந்து முழுக் கதையையும் சொன்னேன். கூகுள்ல வந்த படத்தையும் போன்ல காட்டினேன். கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கிட்டு நல்லாப் பார்த்தாங்க. லாரி டிரைவர் கேசவ பிள்ளை வீட்டம்மா ராஜம்மாள்னு யாரையாவது ஞாபகம் இருக்கான்னு கேட்டேன்.

ஆச்சி கொஞ்ச நேரம் யோசிச்சாங்க. வடசேரியில அப்போ தெருவுக்கு ரெண்டு ராஜம்மாள் உண்டு, மக்கா, நீ எந்த ராஜம்மாளைக் கேக்கேன்னு திருப்பிக் கேட்டாங்க. அப்புறம் விரல் விட்டு ஒவ்வொருத்தரா சொல்லத் தொடங்கினாங்க: சந்தையில மரச்சீனி விக்கிறவங்க ஒருத்தி, வாத்தியார் வீட்டுக்காரி ஒருத்தி, யார் வீட்டுக்கும் அதிகம் போகாம, எப்பவும் நல்லா வெளுத்த துணி கட்டி, நிமிர்ந்து நடக்கிற ஒரு ராஜம்மாள்.

எண்ணெய் காய்ஞ்சுடுச்சுன்னு அம்மா உள்ளேயிருந்து கூப்பிட்டதும் ஆச்சி எழுந்து போயிட்டாங்க.